கென் ஆடம் போட்ட செட்டுகள்: வாசகர் கேள்வி பதில்

போன இதழில் ஜேம்ஸ் பாண்ட் படங்களைப் பற்றிய ஒரு பதிலில், அந்தப் படங்களுக்கு செட் போட்ட கென் ஆடம் என்ற பெயரைச் சொல்லிவிட்டு அடுத்த கேள்விக்குப் போய்விட்டேன். அதற்கு வந்த கடிதங்களைப் பார்த்தால் இந்த முறை வேறு எதையும் எடுக்க முடியாது போலிருக்கிறது. சரி, இந்த இதழ் முழுக்க அவரும் அவர் செய்த தொழிலும்தான்.

ஆங்கிலப் படங்களில் புரொடக்‌ஷன் டிசைனர் என்று ஒரு பெயர், ஆர்ட் டைரக்டர் என்று இன்னொரு பெயர் போடுகிறார்கள். இரண்டு பேருக்கும் என்ன வேலை?
– கல்லூரி மாணவர், ராசிபுரம்

கதை நடக்கிற உலகம் கண்ணுக்கு எப்படித் தெரிய வேண்டும் என்று முடிவு செய்கிறவர் புரொடக்‌ஷன் டிசைனர். சுவரின் நிறம், கூரையின் உயரம், ஜன்னல் எந்தப் பக்கம், கதாநாயகன் வீட்டுக்குள் நுழைந்ததும் முதலில் எதைப் பார்ப்பான் என்பதையெல்லாம் டைரக்டரோடும் கேமராமேனோடும் உட்கார்ந்து பேசி அவர்தான் தீர்மானிப்பார். அந்தத் தீர்மானத்தை அளவு போட்ட வரைபடமாக மாற்றி, கார்பென்டர், பெயின்டர், மோல்டர் எல்லோரையும் வைத்து, சொன்ன தேதிக்குள் சொன்ன பணத்துக்குள் கட்டி முடிப்பது ஆர்ட் டைரக்டர். நாற்காலி, திரைச்சீலை, மேஜை மேல் கிடக்கிற பேனா வரை பார்த்துக்கொள்ள அங்கே செட் டெக்கரேட்டர் என்று இன்னொருவரும் உண்டு. நம் ஊரில் ரொம்ப காலம் இந்த மூன்று வேலையும் ஒரே ஆள் தலையில்தான் இருந்தது, டைட்டிலில் 'கலை' என்று ஒரு வரியில் முடித்துவிடுவார்கள்.

இந்தப் பதவிக்குப் பிள்ளையார் சுழி போட்டது 1939இல் வந்த 'கான் வித் தி விண்ட்'. படம் முழுவதையும் காட்சி காட்சியாக வரைந்து கொடுத்த வில்லியம் கேமரன் மென்சீஸுக்கு வெறும் ஆர்ட் டைரக்டர் என்று போட்டால் போதாது என்று தயாரிப்பாளர் செல்ஸ்னிக் நினைத்தார். அட்லாண்டா நகரம் எரிகிற காட்சிக்கு ஸ்டூடியோ வளாகத்தில் நின்ற பழைய செட்டுகளையே கொளுத்தினார்கள், 'கிங் காங்' படத்துக்குப் பயன்பட்ட பெரிய மதில் உட்பட. புது செட்டுக்கு இடமும் கிடைத்தது, காட்சியும் கிடைத்தது. ஆஸ்கரில் இந்தப் பிரிவின் பெயர் புரொடக்‌ஷன் டிசைன் என்று மாறியதோ 2012இல்தான், எவ்வளவு தாமதம் பாருங்கள்.

கென் ஆடம் இதை எந்தக் காலேஜில் படித்தார்? சினிமாவுக்குள் எப்படி வந்தார்?
– வாசகி, திருவாரூர்

சினிமாவுக்கென்று அவர் எதுவும் படிக்கவில்லை. 1921இல் பெர்லினில் பிறந்தவர், வீட்டில் வைத்த பெயர் கிளாஸ். வசதியான யூதக் குடும்பம், நகரத்தின் நடுவே பேர் போன துணிக்கடை. ஹிட்லர் வந்தபின் எல்லாம் போய், 1934இல் குடும்பம் இங்கிலாந்துக்கு வந்துவிட்டது. லண்டனில் அம்மா ஒரு தங்கும் விடுதி நடத்தித்தான் பிள்ளைகளை வளர்த்தார். அப்போது அங்கே பெரிய செட் டிசைனராக இருந்த வின்சென்ட் கோர்டா, சினிமாவில் செட் வேலை பார்க்க ஆசை என்றால் முதலில் கட்டடக் கலை படி என்று பையனுக்கு யோசனை சொன்னார். பையனும் பார்ட்லெட் கல்லூரியில் சேர்ந்தான்.

அதற்குள் போர் வந்துவிட்டது. பிரிட்டிஷ் விமானப் படையில் டைஃபூன் ரக விமானம் ஓட்டினார். ஜெர்மனியில் பிறந்துவிட்டு ஜெர்மனிக்கு எதிராகப் பறந்த விமானிகள் விரல் விட்டு எண்ணக்கூடியவர்கள்தான். பிடிபட்டிருந்தால் போர்க்கைதியாகக்கூட நடத்தியிருக்க மாட்டார்கள், துரோகி என்று சுட்டிருப்பார்கள். தெரிந்தேதான் பறந்தார்.

1947இல் ஒரு ஸ்டூடியோவில் டிராஃப்ட்ஸ்மேன் வேலை கிடைத்தது. வேறொருவர் யோசித்த ஜன்னலுக்கும் மாடிப்படிக்கும் அளவு போட்டு வரைகிற வேலை. அங்கிருந்து உதவியாளர், ஆர்ட் டைரக்டர் என்று ஒவ்வொரு படியாக ஏறினார். உலகம் அவரைத் திரும்பிப் பார்த்தது 1962இல், முதல் பாண்ட் படமான 'டாக்டர் நோ' வந்தபோது, அப்போது வயது 41. நடுவில் ஓடிய அந்தப் பதினைந்து வருஷத்தை யாரும் பெரிதாகப் பேசுவதில்லை. என்னைக் கேட்டால், பிளைவுட் எவ்வளவு வளையும், எந்த உயரத்துக்கு மேல் சுவருக்கு முட்டுக் கொடுக்க வேண்டும், எந்த கார்பென்டரிடம் எதைக் கேட்கலாம் என்பதெல்லாம் கைக்குள் வந்தது அப்போதுதான். பின்னால் அவர் வரைந்த விசித்திரமான கூரைகள் எல்லாம் தலையில் விழாமல் நின்றதற்கு அதுவே காரணம்.

கையில் காசில்லாமல் நல்ல செட் போட முடியுமா? குறும்படம் எடுக்கிறேன், அதனால் கேட்கிறேன்.
– வாசகர், விருதுநகர்

முடியும். 'டாக்டர் நோ'வில் ஒரு காட்சியைத் தேடிப் பாருங்கள் தம்பி. பேராசிரியர் டென்ட் வில்லனைப் பார்க்க வருகிறார், வில்லன் முகம் நமக்குத் தெரியாது, குரல் மட்டும்தான். அந்த அறையில் ஒரு நாற்காலி, ஒரு சின்ன மேஜை, மேஜை மேல் சிலந்தி அடைத்த கூண்டு, அவ்வளவுதான். ஆனால் கூரையைச் சாய்வாக இறக்கி, அதில் பெரிய வட்டமாக ஓர் ஓட்டை போட்டு, ஓட்டைக்குக் குறுக்கே கம்பி வைத்திருக்கிறார் ஆடம். மேலேயிருந்து வருகிற வெளிச்சம் அந்தக் கம்பிகளின் நிழலைத் தரையிலும் சுவரிலும் வலை மாதிரி விரிக்கிறது, அதன் நடுவில் அந்த மனிதர் சுருங்கிப் போய் நிற்கிறார். டயலாக் இல்லாவிட்டாலும் அவர் மாட்டிக்கொண்டது தெரியும்.

இதற்கு ஆன செலவு 500 பவுண்டுக்கும் குறைவு. படத்தின் மொத்த செட் பட்ஜெட்டே சின்னது, அதில் கடைசியாக மிச்சமிருந்த பணத்தில் போட்டது இது. டைரக்டரும் யூனிட்டும் ஜமைக்காவில் ஷூட்டிங்கில் இருக்க, இவர் லண்டன் பக்கம் பைன்வுட் ஸ்டூடியோவில் தனியாக உட்கார்ந்து வேலை பார்த்தார். அவர்கள் திரும்பி வந்துதான் செட்டுகளையே பார்த்தார்கள்.

நீங்கள் எடுத்துக்கொள்ள வேண்டியது அந்தக் கூரை. அந்தக் காலத்தில் செட்டுக்குப் பெரும்பாலும் கூரையே போட மாட்டார்கள், லைட்டுகளை மேலே தொங்கவிட வேண்டுமே. ஆடம் கூரையைப் போட்டு, அதையே கேமராவுக்குக் காட்டவும் செய்தார். உங்கள் குறும்படத்தில் பத்துப் பொருளை வாங்கி வைக்கிற காசில் ஒரே ஒரு பொருளை, காட்சிக்கு உயிரான ஒன்றை, ஒழுங்காகச் செய்யுங்கள். மிச்சச் சுவர் காலியாக இருந்துவிட்டுப் போகட்டும்.

உலகத்திலேயே சிறந்த செட் என்று 'டாக்டர் ஸ்ட்ரேஞ்ச்லவ்' படத்தின் வார் ரூமைச் சொல்கிறார்கள். அப்படி என்ன இருக்கிறது அதில்? படம் கறுப்பு வெள்ளை வேறு.
– ஓய்வு பெற்ற ஆசிரியர், கோவில்பட்டி

ஐயா, இதற்குக் கொஞ்சம் விரிவாகத்தான் சொல்ல வேண்டும்.

'டாக்டர் நோ'வைப் பார்த்துவிட்டு டைரக்டர் ஸ்டான்லி குப்ரிக் இவரைக் கூப்பிட்டார். அணுகுண்டுப் போர் மூளப் போகிறது, அமெரிக்க ஜனாதிபதியும் தளபதிகளும் நிலவறையில் உட்கார்ந்து பேசுகிறார்கள், அதற்கு ஓர் அறை வேண்டும். பேச்சினூடே ஆடம் கிறுக்கிக் காட்டியது இரண்டு மாடி வைத்த அரங்கம் மாதிரி ஒரு வடிவம். குப்ரிக்குக்குப் பிடித்துவிட்டது, வேலையும் ஆரம்பித்தாயிற்று. சில வாரம் போனதும் குப்ரிக் வந்து, மேல் மாடியில் அத்தனை துணை நடிகர்களை உட்கார வைத்து நான் என்ன செய்வது, வேறு யோசி என்றார். இப்படி ஒரு நேரத்தில் இதைக் கேட்க நேர்ந்தால் எந்த ஆர்ட் டைரக்டருக்கும் வயிற்றைக் கலக்கும். ஆடம் மனதைத் தேற்றிக்கொண்டு மறுபடி வரையத் தொடங்கினார், சாய்வான சுவர்களோடு ஒரு முக்கோணம் வந்தது. முக்கோணம்தானே வடிவங்களிலேயே உறுதியானது என்று குப்ரிக் கேட்டார். கான்கிரீட்டில் கட்டினால் ஒரு மாபெரும் பதுங்கு குழி மாதிரி இருக்குமே என்றும் கேட்டார். அப்படித்தான் அது முடிவானது.

ஷெப்பர்டன் ஸ்டூடியோவில் கட்டிய அந்த செட்டின் நீளம் 130 அடி, அகலம் 100 அடி, உயரம் 35 அடி. நடுவில் வட்ட மேஜை. அதற்கு நேர் மேலே மேஜையைப் போலவே வட்டமாக ஒரு விளக்கு வளையம். அந்த வளையம்தான் நடிகர்களின் முகத்துக்கு வெளிச்சம். செட்டே லைட்டிங்கையும் பார்த்துக்கொண்டது. ஷூட்டிங்கின்போது கேமராமேன் எங்கே லைட் வைப்பது என்று தேட வேண்டியதில்லை, எந்தப் பக்கமிருந்தும் எடுக்கலாம். இதற்காக ஆடமை ஒரு நாற்காலியில் உட்கார வைத்து, பல்பை வேறு வேறு உயரத்திலும் கோணத்திலும் பிடித்துப் பார்த்துத்தான் குப்ரிக் கணக்குப் போட்டாராம்.

மேஜைக்குப் பச்சை நிறத் துணி போர்த்தச் சொன்னார் குப்ரிக். கறுப்பு வெள்ளைப் படத்தில் பச்சை எங்கே தெரியப் போகிறது? உலகத்தின் தலைவிதியைப் பணயம் வைத்துச் சீட்டாடுகிறோம் என்ற நினைப்பு நடிகர்களுக்கு வர வேண்டும், அதற்காக. நீங்கள் கேட்ட 'அப்படி என்ன இருக்கிறது' என்பதற்கு எனக்குப் பிடித்த பதில் இந்தத் துணிதான். பார்வையாளருக்குத் தெரியாத ஒன்று நடிகருக்குத் தெரிந்தால் போதும், அது நடிப்பில் வந்துவிடும் என்று நம்பிச் செய்த வேலை அது.

அப்புறம் சுவரில் தெரிகிற அந்த ராட்சத வரைபடங்கள். சின்னதாக வரைந்து, போட்டோவாகப் பெரிதாக்கி, பிளைவுட்டில் ஒட்டி, விமானம் பறக்கிற இடங்களில் துளை போட்டுப் பின்னால் பல்பு வைத்தார்கள். பல்புகளின் சூட்டில் ஒட்டிய தாள் கொப்பளம் கொப்பளமாக எழும்ப ஆரம்பித்ததால் பின்பக்கத்துக்கு ஏசி போட வேண்டியிருந்தது. தரை பளபளவென்று கறுப்பு, கீறல் விழுந்தால் தெரிந்துவிடும் என்பதால் உள்ளே வேலை செய்தவர்கள் கம்பளி உறை மாட்டிய காலோடு நடமாடினார்கள். இப்படி ஒவ்வொரு அழகான ஃபிரேமுக்குப் பின்னாலும் யாரோ ஒருவர் சூட்டோடும் கீறலோடும் மல்லுக்கட்டியிருப்பார்.

'கோல்டுஃபிங்கர்' படத்தில் வரும் தங்கக் கிடங்கு நிஜமா?
– வாசகி, தென்காசி

வெளியே தெரிவது அமெரிக்க அரசின் தங்கக் கிடங்கான ஃபோர்ட் நாக்ஸ் மாதிரி இருக்கும், உள்ளே இருப்பது முழுக்க ஆடமின் கற்பனை. உள்ளே போய்ப் பார்க்க யாருக்கும் அனுமதி இல்லை. நிஜத்தில் தங்கக் கட்டிகளை அவ்வளவு உயரத்துக்கு யாரும் அடுக்க மாட்டார்கள், கனம் தாங்காது. ஆனால் தங்கத்தைக் கண் முன்னால் மலையாகக் குவித்துக் காட்டத்தானே ஜனங்கள் டிக்கெட் எடுத்து வருகிறார்கள் என்றார் ஆடம். படத்தைப் பார்த்த சிலர், ஜனாதிபதியே நுழைய முடியாத இடத்துக்குள் உங்களை எப்படி விட்டார்கள் என்று கம்பெனிக்குக் கடிதம் எழுதிக் கேட்டதாக அவரே பேட்டிகளில் சொல்லியிருக்கிறார்.

ஒரே ஒரு செட்டுக்குக் கோடிக் கணக்கில் கொட்டுவது நியாயமா? எரிமலைக்குள் ராக்கெட் தளம் போட்டாராமே.
– வாசகர், ஈரோடு

'யூ ஒன்லி லிவ் ட்வைஸ்', 1967. நாவலில் வில்லன் இருப்பது கடலோரக் கோட்டையில். ஜப்பானில் ஹெலிகாப்டரில் சுற்றிச் சுற்றித் தேடியும் அப்படி ஒரு கோட்டை கிடைக்கவில்லை, கிடைத்தது எரிமலைப் பகுதி. இந்தப் பள்ளத்துக்கு அடியில் வில்லன் இருந்தால் என்ன என்று பேச்சு வந்தது, ஆடம் வரைந்து காட்டினார். எவ்வளவு செலவாகும் என்று தயாரிப்பாளர் ப்ரோக்கலி கேட்க, இவர் சுமாராகப் பத்து லட்சம் டாலர் என்றார். அதற்குள் முடிப்பதானால் செய் என்று சொல்லிவிட்டார் அவர். முதல் பாண்ட் படத்தின் மொத்தச் செலவே ஏறக்குறைய அவ்வளவுதான். 700 டன் எஃகு, உள்ளே ஓடுகிற மோனோரயில், ஹெலிகாப்டர் இறங்குகிற மேடை, மேலே திறந்து மூடுகிற வாய். சம்மதம் வாங்கிய பிறகுதான் தனக்குப் பயமே வந்தது என்று ஆடம் சொல்லியிருக்கிறார், ஏனென்றால் அவ்வளவு பெரிதாக அதுவரை யாரும் கட்டிப் பார்த்ததில்லை.

நியாயமா என்றால், அந்தப் படத்துக்கு நியாயம்தான். கதை அதில் கொஞ்சம் நொண்டுகிறது, நினைவில் நிற்பது எரிமலை. ஆனால் அதைப் பார்த்துவிட்டு, பெரிய செட் போட்டால் படம் ஓடிவிடும் என்று நம்புகிறவர்களைப் பார்த்தால் எனக்கு வருத்தமாக இருக்கும். ஆடமின் படங்களில் எனக்கு எரிமலையைவிட அந்தச் சிலந்தி அறைதான் உயர்வு.

இத்தனை செட் போட்டவருக்கு, செட்டே இல்லாத 'பேரி லிண்டன்' படத்துக்கு முதல் ஆஸ்கர் கொடுத்தது ஏன்?
– வாசகர், புதுச்சேரி

நல்ல கேள்வி. பதினெட்டாம் நூற்றாண்டுக் கதை. ஸ்டூடியோவில் கட்டலாம் என்றார் ஆடம், நிஜ மாளிகைகளில்தான் எடுப்பேன் என்று குப்ரிக் பிடிவாதம் பிடித்தார். அயர்லாந்திலும் இங்கிலாந்திலும் ஊர் ஊராகப் போய், ஒரு மாளிகையின் கூடம், இன்னொரு மாளிகையின் மாடிப்படி, வேறொன்றின் தோட்டம் என்று எடுத்து எல்லாம் ஒரே வீடாகத் தெரியும்படி கோர்க்க வேண்டும். பிற்காலத்துப் பொருள் ஒன்றுகூட ஃபிரேமில் எட்டிப் பார்க்கக் கூடாது. பல காட்சிகளை மெழுகுவத்தி வெளிச்சத்தில் எடுத்த படம் என்பதால் எத்தனை மெழுகுவத்தி, எங்கே வைப்பது என்பது வரை டிசைன்தான். இதெல்லாம் புரொடக்‌ஷன் டிசைனரின் வேலை, கட்டுவது அதில் ஒரு பகுதி.

அந்தப் படம் அவரை உடைத்துவிட்டது. குப்ரிக்கின் முடிவில்லாத கேள்விகளும் தூக்கமில்லாத இரவுகளும் சேர்ந்து மனம் தளர்ந்து, சிகிச்சை எடுக்கும்படி ஆயிற்று. அதை அவர் மறைக்கவும் இல்லை. கலைத் துறையில் இன்றைக்கும் ராத்திரி பகலாகத்தான் வேலை நடக்கிறது, காலை ஏழு மணிக்கு யூனிட் வரும்போது பெயின்ட் காய்ந்திருக்க வேண்டும் என்பதற்காக. இதைப் பெருமையாகச் சொல்லிக்கொள்வது நிற்க வேண்டும் என்று நினைக்கிறேன். ஆடம் மீண்டு வந்தார். 1977இல் வந்த 'தி ஸ்பை ஹூ லவ்ட் மீ' படத்துக்காக, நீர்மூழ்கிக் கப்பல்களையே விழுங்குகிற கப்பலுக்குப் பைன்வுட்டில் புதிதாக ஒரு ஃப்ளோரே, அதாவது ஷூட்டிங் கூடமே, கட்டினார்கள். அதற்கு எப்படி லைட் செய்வது என்று தெரியாமல் அவர் கூப்பிட்டது யாரை என்று நினைக்கிறீர்கள், அதே குப்ரிக்கைத்தான். யாருக்கும் சொல்லக் கூடாது என்ற நிபந்தனையோடு ஒரு ஞாயிற்றுக்கிழமை ரகசியமாக வந்து பார்த்து யோசனை சொல்லிவிட்டுப் போனார் அவர். இரண்டாவது ஆஸ்கர் 1994இல் வந்த 'தி மேட்னஸ் ஆஃப் கிங் ஜார்ஜ்' படத்துக்கு, அதுவும் சரித்திரக் கதைதான். பாண்ட் படங்களுக்கு அவருக்கு ஆஸ்கர் கிடைக்கவே இல்லை.

பன்னிரண்டாவது படிக்கும் என் மகள் நன்றாக வரைவாள். சினிமா செட் வேலைக்குப் போக வேண்டும் என்கிறாள். பெண் பிள்ளை, பயமாக இருக்கிறது. என்ன படிக்க வைக்கலாம்?
– ஒரு தாய், கரூர்

அம்மா, முதலில் அவளை வரைய விடுங்கள். சென்னையிலும் கும்பகோணத்திலும் அரசு கவின் கலைக் கல்லூரிகள் இருக்கின்றன, பிளஸ் டூ முடித்ததும் சேரலாம், வரைந்து காட்டித்தான் இடம் வாங்க வேண்டும். ஆர்க்கிடெக்சர் படித்தாலும் நல்லதே, ஆடம் படித்ததும் அதுதானே. அதன்பின் விருப்பமிருந்தால் புனே திரைப்படக் கல்லூரியில் கலை இயக்கத்துக்கும் புரொடக்‌ஷன் டிசைனுக்கும் தனிப் படிப்பு உண்டு. அதற்கு ஓவியம், சிற்பம், கட்டடக் கலை போன்ற ஏதாவது ஒன்றில் பட்டம் வேண்டும்.

நம்மூரிலேயே பெரிய உதாரணங்கள் உண்டு. பூம்புகார்க்காரர் பி. கிருஷ்ணமூர்த்தி சென்னை ஓவியக் கல்லூரியில் படித்தவர். 1989இல் வந்த மலையாளப் படமான 'ஒரு வடக்கன் வீரகதா'வுக்குக் கலை இயக்கம், உடை வடிவமைப்பு இரண்டுக்கும் தேசிய விருது வாங்கினார், பிறகு 'பாரதி'க்கும் வாங்கினார். தோட்டா தரணி 'நாயகன்' படத்துக்காக மும்பை தாராவியைச் சென்னை வீனஸ் ஸ்டூடியோவுக்குள் கொண்டுவந்தார், தேசிய விருதும் கிடைத்தது. அவர் அப்பாவும் கலை இயக்குநர், வீட்டிலேயே தொழிலைப் பார்த்து வளர்ந்தவர்.

பயத்தைப் பற்றிச் சொல்ல வேண்டும் என்றால், பெண்கள் இந்தத் துறையில் குறைவுதான், ராத்திரி வேலை உண்டு, ஆரம்பத்தில் சம்பளம் சொல்லிக்கொள்கிற மாதிரி இருக்காது. உதவியாளராகச் சில வருஷம் கழிக்கத்தான் வேண்டும். யாரிடம் சேர்கிறாள் என்பதை மட்டும் விசாரித்து அனுப்புங்கள், பேட்டாவை ஒழுங்காகக் கொடுக்கிறவரா, வேலை முடிந்ததும் வீட்டுக்கு வண்டி அனுப்புகிறவரா என்று அவரிடம் ஏற்கெனவே வேலை செய்த பிள்ளைகளைக் கேட்டால் தெரிந்துவிடும். இப்போதைக்கு ஒரு டேப் வாங்கிக் கொடுத்து உங்கள் வீட்டையே அளந்து பிளான் போடச் சொல்லுங்கள். அதில் அவளுக்கு ஆர்வம் குறையாமல் இருந்தால் தைரியமாக அனுப்பலாம்.

எல்லாம் கம்ப்யூட்டர் கிராபிக்ஸில் வந்துவிட்டது. இனி செட் எதற்கு?
– வாசகர், சேலம்

கம்ப்யூட்டரில் கட்டுகிற அரண்மனைக்கும் தூண் எத்தனை, வெளிச்சம் எங்கிருந்து என்று ஒருவர் சொல்லத்தானே வேண்டும். அந்த ஒருவர் டிசைனர்தான். கை வைத்துத் தொடுகிற கதவும் ஏறுகிற படியும் இன்றைக்கும் மரத்தில்தான் செய்கிறார்கள்.

கென் ஆடம் வரைந்த படங்களை எங்கே பார்க்கலாம்?
– ஓவிய ஆசிரியர், மதுரை

அவர் தன் சேகரிப்பு முழுவதையும் 2012இல் பெர்லினில் உள்ள ஜெர்மன் சினிமா காப்பகமான டாய்ச்ச கினமதேக்குக்குக் கொடுத்துவிட்டார். துரத்திய ஊருக்கே கொடுத்தார், 2016இல் காலமானார். ஆயிரக்கணக்கான படங்களில் கணிசமானதை இணையத்திலேயே பார்க்கலாம். ஆரம்பத்தில் பென்சிலில் நுணுக்கி நுணுக்கி வரைந்தவர், மனைவி லெட்டிசியா கொடுத்த தைரியத்தில் தடித்த ஃபெல்ட் பேனாவுக்கு மாறினார், கை விடுதலையானது அதன் பிறகுதான் என்பார். மாணவர்களுக்குக் காட்டுவதாக இருந்தால் பென்சில் காலத்துப் படம் ஒன்றையும் பேனா காலத்துப் படம் ஒன்றையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்துக் காட்டுங்கள்.